வீட்டுக் கணினியில் கேம்களை நீக்கி இடம் மீட்கும் முறை

திருப்பூர், ஈரோடு, கரூர்ப் பக்கம் சிறு தொழில் நடத்தும் பல வீடுகளில் கணினி ஒன்றுதான் இருக்கும். பகலில் அதில் டேலி ஓடும், ஜாப் ஒர்க் பில் போடுவார்கள், எம்ப்ராய்டரி டிசைனைத் திறந்து பார்ப்பார்கள். இரவானால் அதே நாற்காலியில் பிள்ளைகள் உட்கார்ந்து கேம் ஆடுவார்கள். இரண்டையும் அந்தக் கணினி தாங்கிக்கொள்ளும், அதன் சி டிரைவ்தான் தாங்காது. இடம் தீர்ந்துபோனதைப் பெரும்பாலும் கேம் ஆடுபவர் முதலில் உணர்வதில்லை, வேலை செய்பவர்தான் உணர்கிறார். பிரிண்டிங் யூனிட் ஒன்றில் டிசைனர் போட்டோஷாப்பில் பெரிய அளவுப் படத்தைத் திறந்து, நாலைந்து லேயர் சேர்த்து, சேமிக்கப் போகும் நேரத்தில் ஸ்கிராட்ச் டிஸ்க் நிரம்பிவிட்டது என்று ஒரு சிறு பெட்டி திரையின் நடுவில் வந்து நிற்கும். ரேம் போதாதபோது போட்டோஷாப் தன் தற்காலிகக் கோப்புகளை டிரைவின் காலியிடத்தில்தான் எழுதுகிறது. நாம் மாற்றி வைக்காவிட்டால் அது தேடும் இடம் சி டிரைவ்தான். அங்கே கேம்கள் நிறைந்து கிடந்தால் டிசைன் வேலை அப்படியே நின்றுவிடும்.

விண்டோஸ் அப்டேட்டுக்கும் காலியிடம் வேண்டும். விண்டோஸ் 10-க்கான பொது ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14 அன்று நிறுத்திவிட்டதால், விண்டோஸ் 11-க்கு மாற முயன்று இடமில்லாமல் பாதியில் நிற்பவர்களும் இருக்கிறார்கள். கடையில் 256 ஜிபி என்று சொல்லி வாங்கிய எஸ்எஸ்டி கணினியில் ஏறத்தாழ 238 ஜிபி என்றுதான் காட்டும். விற்பவர் ஆயிரம் ஆயிரமாகக் கணக்கிடுகிறார், விண்டோஸ் 1024-ஆல் வகுக்கிறது, அவ்வளவுதான், யாரும் ஏமாற்றவில்லை. அந்த 238-இல் விண்டோஸும் அலுவலக மென்பொருள்களும் போக மிஞ்சும் இடத்தில், 150 ஜிபி கேட்கும் ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2 அல்லது பால்டர்ஸ் கேட் 3 போன்ற ஒரு கேம் வந்து உட்கார்ந்தால் என்ன ஆகும் என்பதைச் சொல்லத் தேவையில்லை.

எது எவ்வளவு இடத்தைப் பிடித்திருக்கிறது

நீக்குவதற்கு முன் அளந்து பார்க்க வேண்டும். விண்டோஸ் விசையையும் ஐ விசையையும் சேர்த்து அழுத்தி செட்டிங்ஸைத் திறந்து, சிஸ்டம் பகுதியில் ஸ்டோரேஜ் என்பதைச் சொடுக்கினால் சி டிரைவில் எந்த வகைக்கு எவ்வளவு போயிருக்கிறது என்பது பட்டை பட்டையாகத் தெரியும். அடுத்து ஆப்ஸ் பகுதிக்குப் போய், விண்டோஸ் 11-இல் இன்ஸ்டால்டு ஆப்ஸ் என்றும் விண்டோஸ் 10-இல் ஆப்ஸ் அண்ட் ஃபீச்சர்ஸ் என்றும் இருக்கும் பட்டியலை அளவு வாரியாக வரிசைப்படுத்துங்கள்.

அந்தப் பட்டியலை முழுவதும் நம்பிவிடக் கூடாது. ஸ்டீம், எபிக் போன்ற லாஞ்சர்கள் (கேம்களை வாங்கி, இறக்கி, இயக்க உதவும் மென்பொருள்கள்) வழியாக இறங்கிய கேம்கள் பலவற்றுக்கு அங்கே அளவே காட்டப்படாது, அல்லது உண்மைக்குத் தொடர்பில்லாத சிறிய எண் காட்டப்படும். நூறு ஜிபி விழுங்கிய கேம் பட்டியலின் அடியில் அப்பாவிபோல் கிடக்கும். ஆகவே ஃபைல் எக்ஸ்புளோரரில் சி டிரைவைத் திறந்து நேரிலேயே பார்ப்பது நல்லது. ஸ்டீம் கேம்கள் வழக்கமாக புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86 ஃபோல்டருக்குள் ஸ்டீம், அதற்குள் ஸ்டீம்ஆப்ஸ், அதற்குள் காமன் என்ற ஃபோல்டரில் இருக்கும். எபிக் வழியாக வந்தவை புரோகிராம் ஃபைல்ஸில் எபிக் கேம்ஸ் என்ற பெயரிலும், வேலரன்ட் சி டிரைவிலேயே ரையட் கேம்ஸ் என்ற பெயரிலும், எக்ஸ்பாக்ஸ் செயலி வழியாக வந்தவை எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ் என்ற பெயரிலும் கிடக்கும். ஒவ்வொரு ஃபோல்டரிலும் வலது சொடுக்கி பிராப்பர்ட்டீஸைத் திறந்தால் அதன் உண்மையான அளவு தெரிந்துவிடும். பெரிய கேம் என்றால் எண் ஏறி நிற்கச் சற்று நேரம் பிடிக்கும், பொறுத்திருங்கள்.

இந்தச் சோதனையின்போது டவுன்லோட்ஸ் ஃபோல்டரையும் ஒரு பார்வை பாருங்கள். நண்பரிடமிருந்து ஹார்டு டிஸ்க்கில் வாங்கி வந்த கேம்களின் செட்டப் கோப்புகள், கேமை நிறுவிய பிறகும் அங்கேயே இருக்கும். ஒரே கேம் இரண்டு மடங்கு இடத்தைப் பிடித்திருப்பதற்கு இதுவே காரணமாகிறது.

நீக்கும் முன் காப்பாற்ற வேண்டியவை

முதலில் வீட்டில் ஒரு வார்த்தை கேட்டுவிடுங்கள். "ஏனுங்ண்ணா, அது என்ற கேமுங்க, நாலு மாசமா ஆடி வெச்சிருந்தனுங்க" என்று தம்பி வந்து நிற்பதற்கு முன் கேட்பது நலம். பெரியவர்களுக்கு வரும் இன்னொரு தயக்கத்துக்கும் இங்கேயே பதில் சொல்லிவிடலாம்: காசு கொடுத்து வாங்கிய கேமைக் கணினியிலிருந்து நீக்கினால் அந்தக் காசு போய்விடாது. ஸ்டீம், எபிக் போன்றவற்றில் வாங்கிய கேம் கணக்கோடு சேர்ந்தது. அதே கணக்கில் நுழைந்து எப்போது வேண்டுமானாலும் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். போகக்கூடியது ஆடி முடித்த கட்டங்கள் அடங்கிய சேவ் கோப்புகள்தான்.

ஸ்டீமில் பல கேம்களின் சேவ் கோப்புகள் கிளவுடில், அதாவது இணையத்தில் உள்ள சேமிப்பிடத்தில், தானாகச் சேமிக்கப்படுகின்றன, ஆனால் எல்லாக் கேம்களுக்கும் அந்த வசதி கிடையாது. அந்தக் கேமின் ஸ்டோர் பக்கத்தில் ஸ்டீம் கிளவுடு என்ற குறிப்பு இருக்கிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இல்லையென்றால் கோப்புகளைக் கையால் எடுத்து வைக்க வேண்டும். பெரும்பாலான கேம்கள் அவற்றை டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் மை கேம்ஸ் என்ற இடத்திலோ, பயனர் ஃபோல்டரில் உள்ள சேவ்டு கேம்ஸிலோ, மறைந்திருக்கும் ஆப்டேட்டா ஃபோல்டருக்குள் லோக்கல், லோக்கல்லோ (LocalLow), ரோமிங் ஆகிய மூன்றில் ஒன்றிலோ வைக்கின்றன. ஆப்டேட்டா கண்ணில் படாவிட்டால் எக்ஸ்புளோரரின் வியூ மெனுவில் மறைந்த கோப்புகளைக் காட்டும் தேர்வை இயக்குங்கள். ஜிடிஏ 5-இன் சேவ் கோப்புகள் டாக்குமென்ட்ஸில் ராக்ஸ்டார் கேம்ஸ், அதற்குள் ஜிடிஏ 5, அதற்குள் புரொஃபைல்ஸ் என்ற ஃபோல்டரில் இருக்கும். இவற்றின் அளவு மிகச் சிறியது, சாதாரணப் பென்டிரைவில் எளிதாக அடங்கிவிடும்.

மைன்கிராஃப்ட் விஷயத்தில் கூடுதல் கவனம் தேவை. சிறுவர்கள் மாதக்கணக்கில் கட்டி எழுப்பிய உலகங்கள் அந்தக் கணினியிலேயே இருக்கின்றன. ஜாவா பதிப்பு என்றால் ஆப்டேட்டாவின் ரோமிங் பகுதியில் மைன்கிராஃப்ட் ஃபோல்டருக்குள் உள்ள சேவ்ஸ் என்பதை முழுதாக நகலெடுங்கள். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரிலிருந்து வந்த பெட்ராக் பதிப்பு என்றால், செயலியை நீக்கும்போது உலகங்களும் சேர்ந்தே அழிய வாய்ப்பு உண்டு. அதனால் கேமுக்குள்ளேயே ஒவ்வொரு உலகத்தின் எடிட் பக்கத்துக்கும் சென்று எக்ஸ்போர்ட் வேர்ல்டு கொடுத்துத் தனிக் கோப்பாக எடுத்து வையுங்கள். பத்து வயதுப் பிள்ளைக்கு அது விளையாட்டுப் பொருள் அல்ல, சொத்து.

கேமுக்கு மட்டும் காப்பு எடுத்தால் போதாது. அதே கணினியில் தொழில் கணக்கும் இருக்கிறது என்றால், எதையும் தொடுவதற்கு முன் டேலியைத் திறந்து கம்பெனி தரவு எந்த இடத்தில் இருக்கிறது என்று குறித்துக்கொண்டு, ஒரு பேக்கப் எடுத்து வெளி டிரைவில் போட்டுவிடுங்கள். மாதாந்திர ஜிஎஸ்டி ரிட்டர்னான ஜிஎஸ்டிஆர்-3பி தாக்கல் செய்ய வேண்டிய 20-ஆம் தேதிக்கு முந்தைய இரவில் இந்த வேலையைத் தொடங்காமல் இருப்பதே புத்திசாலித்தனம்.

வந்த வழியே அனுப்புதல்

டெஸ்க்டாப்பில் உள்ள ஐகானை அழித்துவிட்டு இடம் வரவில்லையே என்று கேட்பவர்கள் இன்றும் நிறையப் பேர். ஐகான் ஒரு குறுக்குவழி மட்டுமே. பெயர்ப்பலகையைக் கழற்றினால் கடை காலியாகிவிடாது. இதற்கு நேர் எதிராகச் சிலர் கேமின் ஃபோல்டரையே பிடித்து டெலிட் கொடுத்துவிடுகிறார்கள். அப்போது கோப்புகள் ரீசைக்கிள் பின்னுக்குப் போய் அங்கே அதே இடத்தைப் பிடித்துக்கொண்டிருக்கும். லாஞ்சரோ கேம் இன்னும் இருக்கிறது என்றே நினைத்துக்கொண்டிருக்கும். கேம் எந்த வழியாக உள்ளே வந்ததோ அந்த வழியாகவே அதை வெளியே அனுப்ப வேண்டும் என்பதே இந்த வேலையில் நினைவில் கொள்ள வேண்டிய முறை.

ஸ்டீமில் லைப்ரரியைத் திறந்து, கேமின் பெயரில் வலது சொடுக்கி, மேனேஜ் என்பதற்குள் அன்இன்ஸ்டால் கொடுங்கள். பல கேம்களை ஒன்றாக நீக்க வேண்டுமானால் ஸ்டீமின் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கம் இன்னும் வசதியானது: டிரைவைத் தேர்ந்தெடுத்தால் அதில் உள்ள கேம்கள் அளவோடு வரிசையாக வரும், வேண்டாதவற்றை டிக் செய்து ஒரே முறையில் நீக்கிவிடலாம். ஒன்றில் மட்டும் எச்சரிக்கையாக இருங்கள். ஒரு கேமை நீக்கப் போய் விண்டோஸ் பட்டியலிலிருந்து ஸ்டீமையே அன்இன்ஸ்டால் செய்துவிட்டால், அதன் ஃபோல்டருக்குள் இருக்கும் எல்லாக் கேம்களும் சேர்ந்து போய்விடும்.

எபிக்கில் லைப்ரரியில் கேமின் பக்கத்தில் உள்ள மூன்று புள்ளிகளைச் சொடுக்கினால் அன்இன்ஸ்டால் தெரியும். எக்ஸ்பாக்ஸ் செயலி அல்லது மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் வழியாக வந்தவற்றை விண்டோஸின் ஆப்ஸ் பட்டியலிலிருந்தே நீக்கலாம். விண்டோஸ்ஆப்ஸ் என்ற பூட்டப்பட்ட ஃபோல்டருக்குள் புகுந்து கையால் அழிக்க முயலக் கூடாது, அனுமதிகள் குழம்பி மற்றச் செயலிகளும் திறக்காமல் போகலாம்.

வேலரன்ட்டை ஆப்ஸ் பட்டியலில் நீக்கிய பிறகும் ரையட் வேன்கார்டு என்ற இன்னொரு பெயர் அங்கே இருக்கும். ஏமாற்று வேலைகளைத் தடுப்பதற்காக விண்டோஸின் அடித்தளத்தில் இயங்கும் மென்பொருள் அது. கேம் போனாலும் தானாகப் போகாது. பிடிக்கும் இடம் சிறிதுதான் என்றாலும், ஆடாத கேமுக்காக அப்படியொன்று கணினி தொடங்கும்போதெல்லாம் ஓட வேண்டியதில்லை, தனியாக நீக்கிவிடுங்கள். லீக் ஆஃப் லெஜன்ட்ஸ் ஆடுபவர் வீட்டில் இருந்தால் மட்டும் விட்டுவையுங்கள், 2024 முதல் அதற்கும் வேன்கார்டு வேண்டும்.

லாஞ்சர் ஏதும் இல்லாமல் செட்டப் கோப்பிலிருந்து நிறுவிய கேம் ஆப்ஸ் பட்டியலில் தென்படாமல் போகலாம். அப்போது அந்தக் கேமின் ஃபோல்டரைத் திறந்து, அன்இன்ஸ்டால் என்றோ, அன்இன்ஸ் என்று தொடங்கி மூன்று சுழியங்களில் முடியும் பெயரிலோ ஒரு கோப்பு இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் அதை இரட்டைச் சொடுக்கினால் போதும். அப்படியே நகலெடுத்து வந்து, நிறுவாமலேயே ஆடிய கேமாக இருந்தால் மட்டுமே ஃபோல்டரை நேரடியாக அழிக்கலாம். பிறகு ரீசைக்கிள் பின்னையும் காலி செய்ய மறக்காதீர்கள்.

மறந்துபோன எமுலேட்டர்கள்

நம் பக்கத்துக் கணினிகளில் நான் முதலில் தேடச் சொல்வது இதைத்தான். பப்ஜி மொபைல் 2020 செப்டம்பரிலும் ஃப்ரீ ஃபயர் 2022 பிப்ரவரியிலும் இந்தியாவில் தடை செய்யப்பட்டன. அவற்றைப் பெரிய திரையில் ஆடுவதற்காகப் போட்ட புளூஸ்டாக்ஸ், எல்டிபிளேயர் போன்ற எமுலேட்டர்கள் மட்டும் அதன்பின் யாரும் திறக்காமலேயே பல கணினிகளில் அப்படியே இருக்கின்றன. எமுலேட்டர் என்பது ஆண்ட்ராய்டு கைபேசி ஒன்றையே கணினிக்குள் ஓட்டும் மென்பொருள். அந்தக் கைபேசியின் முழுச் சேமிப்பையும் ஒரே பெரிய மெய்நிகர் டிஸ்க் கோப்பாக வைத்திருக்கும். உள்ளே கேம் சேரச் சேர அந்தக் கோப்பு வளரும். ஆனால் உள்ளே கேமை நீக்கினால் கோப்பு தானாகச் சுருங்காது. எமுலேட்டருக்குள் எல்லாவற்றையும் அழித்துவிட்டேன், ஒரு ஜிபிகூட வரவில்லை என்ற புலம்பலுக்குக் காரணம் இதுதான்.

எமுலேட்டர் இனி வேண்டாம் என்றால் ஆப்ஸ் பட்டியலிலிருந்து அதையே முழுதாக நீக்குங்கள். பயனர் தரவையும் நீக்கவா என்று கேட்டால் ஆம் என்று சொல்லுங்கள். பிறகு மறைந்த கோப்புகளைக் காட்டச் செய்து, சி டிரைவின் புரோகிராம்டேட்டா ஃபோல்டருக்குள் அதன் பெயரில் ஏதேனும் மிஞ்சியிருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் அதையும் அழித்துவிடுங்கள். பல ஜிபி அங்கேதான் ஒளிந்திருக்கும்.

மிச்சம் மீதியும், தொடக் கூடாதவையும்

அன்இன்ஸ்டால் செய்த பிறகும் சில கோப்புகள் தங்கும். ஸ்டீம்ஆப்ஸுக்குள் காமன் ஃபோல்டரில் நீக்கிய கேமின் பெயரில் ஃபோல்டர் இன்னும் இருந்தால், அதில் பெரும்பாலும் கேமை மாற்றியமைக்க நீங்களே சேர்த்த மாட் கோப்புகள்தான் இருக்கும். அவற்றை ஸ்டீம் தன்னுடையதாகக் கருதுவதில்லை என்பதால் விட்டுவிடுகிறது. தேவையில்லை என்று உறுதியானால் அழிக்கலாம். செட்டிங்ஸின் ஸ்டோரேஜ் பக்கத்தில் டெம்பரரி ஃபைல்ஸைத் திறந்து டைரக்ட்எக்ஸ் ஷேடர் கேஷைத் தாராளமாகச் சுத்தம் செய்யலாம், வேண்டியதைக் கணினி மறுபடி உருவாக்கிக்கொள்ளும். அதே பட்டியலில் டவுன்லோட்ஸ் என்றும் ஒரு வரி இருக்கும், அதை டிக் செய்துவிடாதீர்கள்: பார்ட்டி அனுப்பிய பர்ச்சேஸ் ஆர்டரும், இறக்கி வைத்த ஜிஎஸ்டி கோப்புகளும் போய்விடும். சமீபத்தில் விண்டோஸ் 11-க்கு மாறியிருந்தால் பழைய விண்டோஸின் கோப்புகளும் அங்கே பெரிய எண்ணோடு நிற்கும். பழைய பதிப்புக்குத் திரும்ப விண்டோஸ் வழக்கமாகத் தரும் அவகாசம் 10 நாள். திரும்பும் எண்ணம் இல்லையென்றால் அவற்றை முன்பே நீக்கிக்கொள்ளலாம்.

ஆப்ஸ் பட்டியலில் மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி பிளஸ் பிளஸ் என்று தொடங்கும் பெயர்கள் பல ஆண்டு எண்களோடு வரிசையாக இருக்கும். கேமோடு வந்தவைதானே என்று அவற்றையும் நீக்கத் தோன்றும். வேண்டாம். ஒவ்வொன்றும் மிகச் சிறியது, மற்ற மென்பொருள்களும் அவற்றை நம்பியே ஓடுகின்றன. கணினியை வேகமாக்குகிறோம், ரெஜிஸ்ட்ரியை (விண்டோஸின் அமைப்புகள் பதிவாகும் இடத்தை) துடைக்கிறோம் என்று இலவசமாக வரும் மென்பொருள்களையும் ஒதுக்கிவிடுங்கள். ரெஜிஸ்ட்ரியில் மீளும் இடம் சொல்லிக்கொள்ளும்படி இருக்காது, கெடுவது மட்டும் பெரிதாக இருக்கும்.

நீக்குவதா, இடம் மாற்றுவதா

கடையில் அசெம்பிள் செய்து வாங்கிய கணினிகளில் சி டிரைவுக்குச் சிறிய எஸ்எஸ்டியும் டி டிரைவுக்கு 1 டிபி ஹார்டு டிஸ்க்கும் இருப்பது வழக்கம். டி டிரைவ் பாதி காலியாகக் கிடக்கும்போது கேமை நீக்க வேண்டிய அவசியமே இல்லை. ஸ்டீமில் கேமின் பிராப்பர்ட்டீஸில் இன்ஸ்டால்டு ஃபைல்ஸ் பக்கத்தில் மூவ் கொடுத்தால் கேம் அப்படியே டி டிரைவுக்குப் போய்விடும். எக்ஸ்புளோரரில் இழுத்துப் போட்டால் மட்டும் லாஞ்சருக்குத் தெரியாமல் போகும். மாதாந்திரப் பராமரிப்புக்காக மின்சாரம் நிறுத்தப்படும் நாளில், யுபிஎஸ்ஸை நம்பி இந்த நகர்த்தலைத் தொடங்க வேண்டாம். பழைய கேம்கள் ஹார்டு டிஸ்க்கில் நன்றாகவே ஓடும். பால்டர்ஸ் கேட் 3, ஸ்டார்ஃபீல்டு போன்ற புதியவை எஸ்எஸ்டியைத் தேவையென்றே குறிப்பிடுகின்றன, அவற்றை ஹார்டு டிஸ்க்கில் வைத்தால் தடுமாறும். கேமைப் பென்டிரைவில் எடுத்து வைக்க நினைப்பவர்கள் அது எஃப்ஏடி32 முறையில் ஃபார்மட் செய்யப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். அதில் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பு ஏறாது.

மறுபடி இறக்க ஆகும் நேரத்தையும் கணக்கில் கொண்டு முடிவெடுங்கள். வீட்டில் ஃபைபர் இணைப்பு 100 எம்பிபிஎஸ் வேகத்தில் வந்தால் 100 ஜிபி கேம் இரண்டேகால் மணி நேரத்தில் இறங்கும், 50 எம்பிபிஎஸ் என்றால் நாலரை மணி நேரம். இப்படிப்பட்ட இணைப்பு இருப்பவர்கள் தயங்காமல் நீக்கலாம், அடுத்த விடுமுறைக்கு இறக்கிக்கொள்ளலாம். தாராபுரம், காங்கயம் பக்கம் தோட்டத்து வீட்டில் இருந்துகொண்டு, நாளுக்கு 2 ஜிபி தரும் கைபேசி ஹாட்ஸ்பாட்டை மட்டும் நம்பியிருப்பவருக்கு அதே கேம் 50 நாள் வேலை. அவர் நீக்காமல் ஒரு வெளி ஹார்டு டிஸ்க் வாங்கி அதற்கு மாற்றுவதே மேல்.

எல்லாம் முடிந்ததும் கணினியை ஒரு முறை ரீஸ்டார்ட் செய்து, ஸ்டோரேஜ் பக்கத்தில் சி டிரைவின் காலியிடத்தை மறுபடி பாருங்கள். அடுத்து வரும் கேம் மறுபடி சி டிரைவிலேயே உட்காராமல் இருக்க, ஸ்டீமின் ஸ்டோரேஜ் பக்கத்தில் டி டிரைவைச் சேர்த்து அதையே முதன்மை இடமாக அமைத்துவிடுங்கள். எபிக் ஒவ்வொரு முறை நிறுவும்போதும் இடத்தைக் கேட்கும். அங்கே அவசரத்தில் அடுத்த பொத்தானை அழுத்தாமல் டி டிரைவில் ஒரு ஃபோல்டரைக் காட்டும்படி, அந்தக் கணினியில் கேம் ஆடுபவரிடமே சொல்லிக்கொடுத்துவிடுங்கள்.